எண்ணிப் பார்ப்பது எப்படி? அண்ணனின் சங்கல்பப் புலமும் எண்ணூறு நெல்லும்

பாபநாசத்துக்குப் பக்கத்தில், குடமுருட்டிக் கரையில் எங்கள் ஊர். பெரியப்பா மகன், எனக்கு அண்ணன், பள்ளிக்கூடத்தில் இயற்பியல் வாத்தியாராக இருந்தவர். ஓய்வு பெற்ற கையோடு ஒரு கொள்கையைக் கண்டுபிடித்துவிட்டார். பெயர் சங்கல்பப் புலம். மூளைக்குள்ளிருந்து ‘மனோன்’ என்று ஒரு துகள் கிளம்புகிறதாம். மனசு ஒருமுகப்பட்டால் மனோன்கள் வரிசை கட்டி நின்று, எதிரில் இருக்கும் பொருளின் நிகழ்தகவையே வளைத்துவிடுமாம். 21 அங்குலத்துக்குள் வீரியம் அதிகம், விடியற்காலை நாலரை மணிக்கு உச்சம். இரண்டு நோட்டு நிறையச் சமன்பாடு. கையெழுத்து முத்து முத்தாக இருக்கும், அதில் குறை சொல்ல முடியாது.

நான் விதைப் பரிசோதனைக் கூடத்தில் 28 வருஷம் நெல் எண்ணியவன். குனிந்து குனிந்து எண்ணியதில் கழுத்தெலும்பு தேய்ந்ததுதான் ஓய்வூதியத்தோடு சேர்ந்து கிடைத்த உபரி. அண்ணன் ‘எண்ணம், எண்ணம்’ என்று பேசும்போதெல்லாம் எனக்கு வேறு அர்த்தம்தான் தோன்றும். நம் பாஷையில் நினைப்பதும் எண்ணுவதுதான், கணக்கெடுப்பதும் எண்ணுவதுதான். அண்ணன் முதல் ரகம், நான் இரண்டாவது. இரண்டையும் ஒரே திண்ணையில் உட்காரவைப்பது எப்படி என்று எழுதுகிறேன். உங்கள் வீட்டிலும் ஒரு அண்ணன் இருப்பார். தண்ணீரிடம் நல்ல வார்த்தை சொன்னால் ருசி மாறும் என்பவரோ, ரோஜாச் செடியோடு பேசுகிற சித்தியோ யாராக இருந்தாலும் செய்முறை இதுதான்.

கேள்வியைச் சின்னதாக்குங்கள்

அண்ணனின் நோட்டில் மேட்டூர் அணையும் இருக்கிறது. ஒரு வருஷம் நீர்மட்டம் 120 அடியைத் தொட்டது தன்னுடைய சங்கல்பத்தால்தான் என்று தேதி போட்டு எழுதியிருக்கிறார். குடகில் அந்த வாரம் கொட்டிய மழை அந்தப் பக்கத்தில் இல்லை. நான் வாதாடவில்லை. யாரும் சங்கல்பம் செய்யாத இன்னொரு மேட்டூர் பக்கத்திலேயே இருந்தால் ஒப்பிட்டுப் பார்க்கலாம், அதற்கு வழியில்லை. ஒப்பிட ஜோடி இல்லாத எதையும் தொடாதீர்கள். மகனுக்கு வேலை கிடைத்தது, முழங்கால் வலி போனது எல்லாம் இந்த வகையில்தான் சேரும்.

நெல் அப்படியில்லை. ஒரே மூட்டை நெல்லை இரண்டு பங்காக்கி, ஒரு பங்குக்கு மட்டும் சங்கல்பம் செய்யலாம். முளைத்ததா, இல்லையா என்று இரண்டே பதில். இரண்டு வாரத்தில் தெரிந்துவிடும். “அண்ணே, உங்க சங்கல்பம் நெல்லை முளைக்க வைக்குமா?” என்று கேட்டேன். “முளைக்க வைக்குமாவா? துள்ள வைக்கும்டா” என்றார். சரி, எவ்வளவு துள்ளும் என்பதை ஒரு எண்ணாகத் தாளில் எழுதித் தரச் சொன்னேன். நூற்றுக்குப் பத்து நெல் கூடுதலாக முளைக்கும் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். இந்தத் தாளை வாங்காமல் ஒரு நெல்லைக்கூட நனைக்காதீர்கள்.

அதே தாளில் நிபந்தனைகளையும் முன்கூட்டியே எழுதி வாங்கிவிடுங்கள். நம்பாதவன் பக்கத்தில் இருந்தால் புலம் கலைந்துவிடும் என்றார். அவர் சங்கல்பம் செய்கிற நேரத்தில் நான் அந்தத் தெருவிலேயே இருக்கமாட்டேன் என்று ஒப்புக்கொண்டேன். அமாவாசை கூடாது, சனிக்கிழமை தொடங்கக் கூடாது. சரி, சரி. கேட்டதை எல்லாம் தாராளமாகக் கொடுங்கள். முன்னால் சொன்னால் அது நிபந்தனை, முடிவு தெரிந்தபிறகு சொன்னால் சாக்கு.

அண்ணன் தானே செய்த சோதனை

நான் போவதற்கு முன்பே அண்ணன் ஒரு சோதனை செய்து முடித்திருந்தார். இரண்டு எவர்சில்வர் தட்டு, தட்டுக்கு நூறு நெல். ஒன்று பூஜை அலமாரியில், தினமும் 20 நிமிஷம் சங்கல்பத்தோடு. இன்னொன்று கொல்லையில் துவைக்கிற கல்லின்மேல். கடைசியில் பூஜைத் தட்டில் 94, கொல்லைத் தட்டில் 79. துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நேரே என் வீட்டுக்கு வந்துவிட்டார்.

கொல்லைத் தட்டைப் போய்ப் பார்த்தேன். அதில் ஆறு நெல் கருக்காய், உள்ளே அரிசி பிடிக்காத பதர். பூஜைத் தட்டுக்கு நெல்லை அவரே கையால் எடுத்திருக்கிறார், கை தானாகக் குண்டு நெல்லைத்தானே தேடும். மிஞ்சியது கொல்லைக்குப் போயிருக்கிறது. பூஜை அறையில் விளக்குச் சூடு, காற்றடங்கிய இடம். கொல்லையில் வைகாசி வெயில், துணி காய்ந்து காய்ந்து விறைத்திருந்தது. பூஜைத் தட்டுக்கு வேளை தவறாமல் தண்ணீர், மற்றதற்கு ஞாபகம் வந்தால் தண்ணீர். எண்ணியதும் அவரே. அன்பாகக் கவனித்தால் நெல் முளைக்கும் என்பது இதில் சந்தேகமில்லாமல் நிரூபணம் ஆகியிருக்கிறது. அது நம் பாட்டனுக்கே தெரியும்.

சரியாகச் செய்வது

நெல் ஒரே ரகமாக, ஒரே மூட்டையிலிருந்து வர வேண்டும். நாங்கள் எடுத்தது ஆடுதுறை 43. அறுத்த சூட்டோடு எடுக்காதீர்கள், புது நெல்லுக்கு விதை உறக்கம் உண்டு, அது யார் நினைத்தாலும் எழுந்திருக்காது. போன பட்டத்து நெல்தான் தோது. உப்புக் கரைசலில் போட்டு மிதப்பதைத் தள்ளுங்கள். கரைசலுக்கு அளவு, நல்ல முட்டை ஒன்று உள்ளே போடும்போது நாணயம் அகலத்துக்கு மேலே தெரிய மிதக்க வேண்டும். அடியில் தங்கிய நெல்லை இரண்டு மூன்று தண்ணீரில் அலசி நிழலில் உலர்த்துங்கள்.

பிறகு முறத்தில் குவித்து, நடுவில் கூட்டல் குறி மாதிரிக் கோடிழுத்து நாலு கூறாக்கி, எதிரெதிர்க் கூறுகளைச் சேர்த்துக் கலந்து மறுபடி குவியுங்கள். நாலைந்து தடவை. அப்புறம் ஓரத்திலிருந்து வருகிற வரிசையில் நூறு நூறாக எட்டு பங்கு. வந்த நெல் வந்தபடி. இது குண்டாக இருக்கிறதே என்று ஒன்றைத் தேடி எடுத்தால் சோதனை அந்த இடத்திலேயே முடிந்தது.

பரிசோதனைக் கூடத்தில் இதற்கென்றே தாள் உண்டு. வீட்டுக்குப் பழைய எட்டு முழ வேட்டி போதும். நீளத்தில் முழத்துக்கு ஒன்றாக வெட்டி, ஒவ்வொன்றையும் அகலத்தில் பாதியாகக் கிழித்தால் 16 துண்டு. கொதிக்கும் தண்ணீரில் போட்டு எடுத்துவிடுங்கள், இல்லாவிட்டால் பூஞ்சை பிடிக்கும். ஈரத்துணியில் பத்துக்குப் பத்தாக நெல்லைப் பரப்பி, மேலே இன்னொரு துண்டை மூடி, பாய் சுருட்டுகிற மாதிரி தளர்வாகச் சுருட்டி நூலால் கட்டுங்கள். ஒன்று முதல் எட்டு வரை எண் எழுதிய சீட்டை ஒவ்வொரு சுருளிலும் செருகுங்கள். பென்சிலால் எழுதுங்கள், பேனா மை மூன்றாம் நாளே கரைந்து எட்டும் ஒன்றாகிவிடும். எட்டுச் சுருளும் ஒரே பேசினில், இரண்டு விரல் தண்ணீரில் நிற்கட்டும். ஒரே தண்ணீர், ஒரே நிழல், ஒரே சூடு.

எந்த நாலுக்குச் சங்கல்பம் என்பதை அண்ணன் முடிவு செய்யக் கூடாது, நானும் கூடாது. எட்டுச் சீட்டை மடித்து ஒரு செம்பில் போட்டோம். நாலு வயசுப் பேத்தி நாலு சீட்டு எடுத்தாள். உத்திரமேரூர்க் கல்வெட்டில் குடவோலையை ஒரு சிறுவனைவிட்டு எடுக்கச் சொல்லியிருக்கிறார்களே, அது சும்மா சடங்கு இல்லை. எழுத்து தெரிந்த கைக்கு ஆசையும் தெரியும். எடுத்த நாலு எண்ணையும் அண்ணி மட்டும் பார்த்து, ஒரு கவரில் போட்டு ஒட்டி அரிசி டிரம்முக்குள் வைத்துவிட்டார்.

தினமும் விடியற்காலை அண்ணி நாலு சுருளைத் தட்டில் வைத்து, எண் தெரியாதபடி சீட்டை உள்ளே மடித்துவிட்டு அண்ணனிடம் கொடுப்பார். 20 நிமிஷம் சங்கல்பம். எட்டிப்போகாமல் 21 அங்குலத்துக்குள், தொடாமல். அது முடிந்ததும் மற்ற நாலையும் அதே இடத்தில், அதே 20 நிமிஷம் வைப்பார். அப்போது அண்ணன் வாசலில் பேப்பர் படிப்பார். இந்த இரண்டாவது 20 நிமிஷத்தை வீண் வேலை என்று விட்டுவிடுகிறவர்கள் உண்டு. விட்டால், ஒரு பங்கு தண்ணீரை விட்டு வெளியே இருந்தது, இன்னொன்று இல்லை என்று ஆகிவிடும்.

எண்ணுகிற கண்

எண்ணுவது நான். எனக்கு எந்தச் சுருள் யாருடையது என்று தெரியாது. இந்தத் தெரியாமைதான் மொத்தச் சோதனைக்கும் அச்சாணி. ஏன் என்று என் கதையையே சொல்கிறேன்.

ஐந்தாம் நாள் துணியைப் பிரித்தால் முக்கால்வாசி நெல்லில் சந்தேகம் இருக்காது. வேர் ஒரு பக்கம், குருத்து ஒரு பக்கம். ஆனால் நூற்றில் ஐந்தாறு நெல் இப்படி இருக்கும்: முனையில் உமி லேசாக வாய்விட்டு, உள்ளே ஊசிமுனை அளவுக்கு வெள்ளையாக ஒரு புள்ளி. அது முளையா, ஊறி உப்பியதா? வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தால் முளை மாதிரி இருக்கும், மறுபடி திருப்பினால் இருக்காது. கூடத்து விதி, வேரும் குருத்தும் இரண்டும் நல்லபடியாக வந்தால்தான் இயல்பான நாற்று. நெல்லுக்கு முதல் எண்ணிக்கை 5-ம் நாள், கடைசி எண்ணிக்கை 14-ம் நாள். நூறு நூறாக 400 விதை போட்டு, நூற்றுக்கு 80 தேறினால்தான் விதைநெல்லுக்குச் சான்று.

மாதிரிகள் எங்களிடம் சங்கேத எண்ணோடுதான் வரும், யாருடையது என்று தெரியாது. ஒரு தடவை பேச்சுவாக்கில் தெரிந்துவிட்டது, என் மாமனார் ஊர்க்காரர் ஒருவருடைய விதை அது. நான் எண்ணியதில் சராசரி 81. பக்கத்து மேஜைக்காரர் அதே தாள்களை எண்ணினார், 77. நான் பொய் எழுதவில்லை, சத்தியமாக. சந்தேகமான புள்ளிகள் எல்லாம் எனக்கு முளையாகவே தெரிந்தன. எண்ணம் உலகத்தை வளைக்கும் என்று அண்ணன் சொல்வதற்கு நான் கண்ணால் கண்ட ஒரே சாட்சி அதுதான். நெல் அது பாட்டுக்கு அப்படியே இருந்தது. பதிவேடு வளைந்துவிட்டது.

பெரிய ஆட்களுக்கும் இது நடந்திருக்கிறது. 1850-களில் ஐரோப்பாவில் மேஜை நகர்த்துவது ஒரு மோகம். சுற்றி உட்கார்ந்து மேஜைமேல் கை வைத்தால் அது தானாக நகருமாம். 1853-ல் மைக்கேல் ஃபாரடே அட்டைகளை அடுக்கி, இடையிடையே மெதுவான பசையை வைத்து, கைக்கும் மேஜைக்கும் நடுவில் செருகினார். மேஜை தானாக நகர்ந்தால் அடியிலுள்ள அட்டை முதலில் போக வேண்டும். மேலே கை பட்ட அட்டைதான் முதலில் போனது. உட்கார்ந்திருந்தவர்கள் தள்ளுகிறோம் என்று தெரியாமலே தள்ளியிருக்கிறார்கள். பிறகு, கை அசைந்தால் காட்டிக்கொடுக்கிற ஒரு குச்சியை அவர்கள் கண்ணெதிரே வைத்தார். அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்ததும் மேஜை அசையவேயில்லை. நம் பக்கம் போர் போடுவதற்கு முன்னால் உள்ளங்கையில் தேங்காயை வைத்து நீரோட்டம் பார்க்கிறார்களே, அந்தத் தேங்காய் நிமிர்வதும் இதே குடும்பம்தான்.

வாதம் வந்தால்

நடுவில் அண்ணன் துருப்புச் சீட்டை இறக்கினார். “இரட்டைப் பிளவுச் சோதனையில் நாம பார்த்தா எலக்ட்ரான் நடத்தை மாறுதே, அது எப்படி?” இது எல்லா அண்ணன்களிடமும் இருக்கிற சீட்டு, தயாராக இருங்கள். பக்கத்துப் பக்கத்தில் இருக்கும் இரண்டு பிளவு வழியாக எலக்ட்ரான்களை விட்டால் எதிர்த் திரையில் வரிவரியாக ஒரு கோலம் விழும். எலக்ட்ரான் எந்தப் பிளவு வழியாகப் போனது என்ற தடயம் எதிலாவது பதிந்தாலே அந்தக் கோலம் அழிந்துவிடும். கருவியை ஓடவிட்டு அறையைப் பூட்டிக்கொண்டு எல்லாரும் காபி குடிக்கப் போனாலும் அழியும். நாம் ‘தொட்டுப் பார்’ என்கிறோமே, அந்தப் பார்ப்பதுதான் இது. யூஜீன் விக்னர் என்ற பெரிய இயற்பியலாளரே 1961-ல் இதில் நனவுக்குப் பங்கு இருக்கிறது என்று எழுதினார். பிற்பாடு அவரே அந்த நிலையிலிருந்து விலகிவிட்டார்.

ஜகதீஷ் சந்திர போஸை இழுப்பார்கள். செடிக்கும் துடிப்பு உண்டு என்று காட்டியவர்தான். ஆனால் செடியின் வளர்ச்சியைப் பல்லாயிரம் மடங்கு பெரிதாக்கிக் காட்ட கிரெஸ்கோகிராஃப் என்று ஒரு கருவியைச் செய்து, அது வரைந்த கோட்டைத்தான் சாட்சியாக வைத்தார். தன் கண்ணை நம்பச் சொல்லவில்லை.

அமெரிக்காவின் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ராபர்ட் ஜான் என்பவர் 1979 முதல் 2007 வரை ஒரு கூடமே நடத்தினார். கண்டபடி எண்களைத் துப்பும் மின்னணுக் கருவியை மனசால் ஒரு பக்கம் சாய்க்க முடியுமா என்பது ஆராய்ச்சி. மிக மிகச் சின்னதாக ஒரு சாய்வு தெரிகிறது என்றார்கள். ஜெர்மனியின் இரண்டு கூடங்களோடு சேர்ந்து திருப்பிச் செய்தபோது அந்தச் சாய்வு வரவில்லை. அண்ணனிடம் இதைச் சொன்னேன். “அவங்க நாலரை மணிக்குச் செஞ்சிருக்க மாட்டாங்க” என்றார்.

கூட்டிக் கழிப்பது

இரண்டு பக்கமும் சமமாகவே இருந்தாலும் எண்ணிக்கை அச்சாக ஒன்றாக வராது. எவ்வளவு வித்தியாசம் சும்மாவே வரும்? அடுப்படிக் கணக்கு ஒன்று சொல்கிறேன். இரண்டு பக்கமும் சேர்த்து முளைக்காத நெல் மொத்தம் எத்தனை என்று பாருங்கள். அதற்கு வர்க்கமூலம் எடுத்து இரட்டிப்பாக்குங்கள். பாதிக்குமேல் நன்றாக முளைக்கிற நெல்லுக்கு, 20 தடவையில் 19 தடவை வித்தியாசம் அதற்குள்ளேயே நின்றுவிடும்.

அண்ணனின் முதல் சோதனையில் முளைக்காதவை 6-ம் 21-ம், ஆக 27. வர்க்கமூலம் ஐந்து சொச்சம், இரட்டித்தால் பத்து சொச்சம். வந்த வித்தியாசம் 15. ஆகவே அது தற்செயல் இல்லை, நிஜமான காரணம் இருந்தது. கருக்காயும் வெயிலும்தான் அந்தக் காரணம். கணக்கு, வித்தியாசம் இருக்கிறது என்று மட்டும் சொல்லும். எதனால் என்பதை முறமும் செம்பும் பேசினும்தான் சொல்ல வேண்டும்.

எட்டுச் சுருள் என்பதற்கும் ஒரு கதை உண்டு. இங்கிலாந்தில் ரோதம்ஸ்டெட் வேளாண்மை ஆராய்ச்சி நிலையத்தில் வேலை பார்த்த புள்ளியியலாளர் ரொனால்ட் ஃபிஷரிடம் ஒரு பெண் விஞ்ஞானி, கோப்பையில் பால் முதலில் ஊற்றியதா, தேநீர் முதலில் ஊற்றியதா என்று குடித்தே சொல்வேன் என்றாராம். கும்பகோணத்துக்காரர்கள் இதில் ஆச்சரியப்பட மாட்டார்கள். ஃபிஷர் எட்டுக் கோப்பைக் கணக்கை எழுதினார், நாலு இப்படி, நாலு அப்படி. எட்டில் நாலைத் தேர்ந்தெடுக்க 70 வழி. குருட்டாம்போக்கில் நாலும் சரியாக விழ 70-ல் ஒரு வாய்ப்பு. அண்ணனின் நாலு சுருளும் முதல் நாலு இடத்தைப் பிடித்தால் எனக்கும் அதே 70-ல் ஒன்றுதான், அப்போது நானும் நாலரை மணிக்கு எழுந்திருக்கத் தயார் என்றேன்.

14-ம் நாள் சாயங்காலம் திண்ணையில் எண்ணி முடித்து, ஒன்றிலிருந்து எட்டு வரை பேனாவால் எழுதினேன்: 91, 92, 88, 89, 93, 90, 94, 90. எழுதி முடித்த பிறகுதான் கவரைப் பிரிக்க வேண்டும். அண்ணி பிரித்தார். 1, 3, 5, 8. அண்ணனுக்கு 362, மற்றதற்கு 365. முளைக்காதவை மொத்தம் 73, எல்லை 17. வித்தியாசம் 3, அதுவும் எதிர்ப்பக்கம்.

அண்ணன் காபியை ஆற்றி ஆற்றிக் குடித்தார். “அஞ்சாம் நாள் கணக்கை மட்டும் பார்த்தா?” என்றார். தாளில் 14-ம் நாள் என்றுதான் எழுதியிருக்கிறது என்று காட்டினேன். இதில் மட்டும் இளகாதீர்கள், அண்ணன் மேல் எவ்வளவு பாசம் இருந்தாலும். ஐந்தாம் நாள், ஏழாம் நாள், வேர் நீளம், குருத்து நிறம் என்று பத்து இடத்தில் தேடினால் எங்காவது ஒன்று சாதகமாகத்தான் இருக்கும். ஒருவேளை உங்கள் வீட்டில் எல்லையைத் தாண்டி வந்துவிட்டால் உடனே யாருக்கும் சொல்லாதீர்கள். புது நெல், புதுத் துணி, எண்ணுவதற்கு வேறொரு ஆள் என்று மறுபடி செய்துவிட்டுப் பேசுங்கள்.

மறுநாள் காலை அண்ணன் புதுத் தாளோடு வந்தார். ஆடுதுறை 43 ஆராய்ச்சி நிலையத்தில் பிறந்தது, அதற்குப் பாரம்பரிய ஞாபகம் இல்லை, மாப்பிள்ளைச் சம்பாவில் செய்ய வேண்டும் என்றார். தாராளமாக, எண்ணை எழுதுங்கள் என்றேன். நூற்றுக்கு 10 என்று தொடங்கி, அடித்து, 5 என்று எழுதி, அதையும் அடித்து 3 போட்டார். வித்தியாசம் சிறுக்கச் சிறுக்க நெல் பெருக வேண்டும் அண்ணே, பாதியானால் நாலு மடங்கு வேண்டும், மூன்றைப் பிடிக்க வேண்டுமானால் பக்கத்துக்குத் தொள்ளாயிரமாவது வேண்டும், 18 சுருள் என்றேன். அடுப்படியிலிருந்து அண்ணி எட்டிப் பார்த்தார்.

“தம்பி, அதுக்கு எத்தனை வேட்டி கிழிக்கணும்?”

36 துண்டு. இரண்டேகால் வேட்டி என்றேன்.